அம்மம்மாவின் காலும் அச்சிட்ட தோலும்

வாசகி கேட்டது:

"நான் சுன்னாகம். வயது 20. உயிரியல் பிரிவில் இரண்டாம் முறையும் உயர்தரம் எடுத்துவிட்டேன். மருத்துவபீடத்துக்கு இசட் புள்ளி காணாது. மருத்துவ ஆய்வுகூட விஞ்ஞானமோ உயிரியல் விஞ்ஞானமோ கிடைக்கும் போலிருக்கிறது. அப்பா மூன்றாம் முறையும் எடு என்கிறார். போன வருசம் அம்மம்மாவுக்குச் சலரோகப் புண் ஆறாமல் இடது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். அந்த நாட்களில்தான் மனிதக் கலங்களை (உயிரணுக்களை) வைத்துத் தோலையும் காதையும் அச்சிடும் ஆராய்ச்சி பற்றி ஒரு காணொளி பார்த்தேன். அன்றிலிருந்து மனம் வேறொன்றிலும் போகவில்லை. உயிரியல் படித்த நான் உயிர்மருத்துவப் பொறியியலாளராகி இந்த ஆராய்ச்சிக்குள் போகலாமா? யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டே செய்யலாமா? ரொறன்ரோ மாமா, 'இதெல்லாம் படக்கதை, கொம்பியூட்டர் படி' என்கிறார்."

தங்கச்சி,

உங்கள் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். நேரடியான பதிலை முதலில் சொல்லிவிடுகிறேன்: போகலாம். என்னோடு வேலை செய்பவர்களில் பாதிப் பேர் உயிரியல் படித்துவிட்டு வந்தவர்கள்தான். ஆனால் பாதை சுற்றுப்பாதை, நீளமும் கூட. யாழ்ப்பாணத்தில் தொடங்கலாம். நடுப்பகுதியை வெளியே போய்த்தான் செய்ய வேண்டி வரும். திரும்பி வந்தால் செய்வதற்கு இங்கே வேலை நிறைய இருக்கிறது, ஆனால் அந்த வேலைக்கு இன்னும் யாரும் கதிரை போட்டு வைக்கவில்லை.

நான் கொக்குவிலில் பிறந்து வளர்ந்தவள். கணிதப் பிரிவில் படித்து, தெற்கில் இலத்திரனியல் பட்டம் எடுத்து, வெளிநாட்டில் இழையப் பொறியியலில், அதாவது உயிருள்ள கலங்களைக் கொண்டு உடலின் இழையங்களை உருவாக்கும் துறையில், கலாநிதிப் பட்டம் முடித்தேன். 11 வருசமாகத் தோல் இழையம் அச்சிடும் ஆய்வுகூடம் ஒன்றில் வேலை. நீங்கள் வரப்போகும் பக்கத்துக்கு நேரெதிர்ப் பக்கத்தால் உள்ளே வந்தவள். எனக்குக் கணக்குத் தெரியும், கலம் தெரியாது. முதல் இரண்டு வருசம் அதை நினைத்து அழுதிருக்கிறேன்.

நீங்கள் பார்த்த காணொளியில் ஓர் ஊசிமுனை அங்குமிங்கும் ஓடி, பளபளப்பான ஒன்றை அடுக்கடுக்காகப் போட்டிருக்கும். எங்கள் வீட்டு இடியப்ப உரலை நினைத்துக்கொள்ளுங்கள். மா இறுகினால் கை நோகும், உரல் வெடிக்கும். இளகினால் தட்டில் விழுந்து கூழாகும். பதமாகக் குழைத்த மா அழுத்தும்போது வழிந்து, விழுந்தவுடன் இழையாக நிற்கும். நாங்கள் பாவிக்கும் உயிர் மையும் அப்படித்தான் நடக்க வேண்டும். ஒரே வித்தியாசம், அந்த மாவுக்குள் லட்சக்கணக்கில் உயிருள்ள கலங்கள் இருக்கின்றன. மை தடித்தால் அழுத்தத்தைக் கூட்ட வேண்டும், கூட்டினால் ஊசிக்குள் உரசுப்பட்டே கலங்கள் செத்துப்போகும். மை இளகினால் கலங்கள் பிழைக்கும், வடிவம் பிழைக்காது. இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு பதம் தேடுவதிலேயே என் கலாநிதிப் படிப்பில் முக்கால்வாசி போனது.

அச்சிட 20 நிமிடம் போதும். அச்சிட்டதைச் சாகவிடாமல் வைத்திருப்பது வாரக்கணக்கு. காணொளிகள் இதைக் காட்டுவதில்லை. 37 பாகை வெப்பம், 5 வீதம் காபனீரொட்சைட்டு உள்ள பெட்டிக்குள் கலங்களை வளர்க்கிறோம். அவற்றின் உணவு இளஞ்சிவப்பு நிறத் திரவம். கலங்கள் அதைத் தின்று அமிலமாக்கினால் மஞ்சளாகும், அப்போது மாற்ற வேண்டும். இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை. சனி, ஞாயிறு, தீபாவளி, நல்லூர்த் தேர் என்று கலத்துக்கு ஒன்றும் தெரியாது. என் இரண்டாம் வருசத்தில், மூன்று மாதம் வளர்த்த கலங்கள் முழுவதும் மைக்கோபிளாஸ்மா தொற்றிக் கெட்டுப்போயின. அது சாதாரண நுணுக்குக்காட்டியில் தெரியாத சின்னஞ்சிறு பக்டீரியா. ஆய்வுகூடத்தில் மாதாந்தச் சோதனையை ஆரோ தவறவிட்டிருந்தார்கள். நானும் கேட்கவில்லை. எல்லாவற்றையும் அவித்துக் குப்பையில் போட்டுவிட்டு முதலிலிருந்து தொடங்கினேன். இந்தத் தொழிலின் சாதாரண நாள் இதுதான் என்று தெரிந்த பிறகும் உங்களுக்கு ஆசை குறையவில்லை என்றால், அந்த ஆசையை நம்பலாம்.

இனி மாமா சொல்லும் "படக்கதை" என்ற கதைக்கு வருவோம். அவர் முழுக்கப் பிழையில்லை, முழுக்கச் சரியுமில்லை.

கலங்களை அச்சுப்பொறியால் வைக்கலாம் என்று 1988இலேயே றொபேர்ட் கிளெபி என்பவர் ஒரு சாதாரண எச்.பி. மையச்சுப் பொறியைக் கொண்டு காட்டினார். 1993இல் லாங்கர், வக்கான்ரி என்ற இரு அமெரிக்க ஆய்வாளர்கள் எழுதிய ஒரு கட்டுரைதான் "இழையப் பொறியியல்" என்ற பெயரைப் பரவலாக்கியது. 2006இல் அமெரிக்காவில் அன்ரனி அற்றாலா என்ற சத்திரசிகிச்சை நிபுணரின் குழு, நோயாளிகளின் சொந்தக் கலங்களில் வளர்த்த சிறுநீர்ப்பைகளை ஏழு பேருக்குப் பொருத்தி வெளியிட்டது. அவற்றை அச்சிடவில்லை, சிறுநீர்ப்பை வடிவத்தில் செய்த சட்டகத்தின் மேல் கையாலேயே கலங்களைப் பூசினார்கள். 2022இல் அமெரிக்காவில், பிறவியிலேயே ஒரு பக்கக் காது வளராத ஒரு பெண்ணுக்கு, அவரது சொந்தக் கசியிழைய (குருத்தெலும்பு) கலங்களில் அச்சிட்ட காது பொருத்தப்பட்டது. அதே வருசம் ஹைதராபாத்தில் எல்.வி. பிரசாத் கண் நிலையம் மற்ற இரு நிறுவனங்களோடு சேர்ந்து கருவிழிப்படலத்தை அச்சிட்டு முயலின் கண்ணில் வைத்துப் பார்த்தது. ஹட்சன் சில்வா 1961இல் தொடங்கிய கண்தான சங்கம் வழியாக உலகுக்கெல்லாம் கருவிழிப்படலம் அனுப்பிய நாடு எங்களுடையது. அந்தச் செய்தியை வாசித்த அன்று எனக்கு அதுதான் நினைவுக்கு வந்தது.

காது, கருவிழிப்படலம், தோல் என்று இவையே முதலில் வந்ததற்குக் காரணம் இருக்கிறது. ஒரு கலம் உயிரோடிருக்க அதற்கு ஒட்சிசன் வேண்டும். இரத்தக் குழாயிலிருந்து 100, 200 மைக்ரோமீற்றருக்கு அப்பால் இருக்கும் கலத்துக்கு அது போய்ச் சேராது. இரண்டு தலைமயிரின் தடிப்பு, அவ்வளவுதான். கசியிழையத்துக்கும் கருவிழிப்படலத்துக்கும் இரத்தக் குழாயே இல்லை, தோல் மெல்லியது. ஈரலையோ சிறுநீரகத்தையோ கட்டித்தடிப்பில் அச்சிட்டால் வெளிப்புறம் பிழைக்கும், நடுப்பகுதி அழுகும். மயிரளவு குழாய்களை உள்ளே எப்படி ஓடவிடுவது என்பதில்தான் உலகின் பெரிய ஆய்வுகூடங்கள் இன்று முட்டிமோதுகின்றன. ஆகவே உங்கள் வயதில் ஒருவர் "நான் இதயம் அச்சிடப் போகிறேன்" என்று சொன்னால் நான் மெல்லத் தடுப்பேன். "நான் ஆறாத புண்ணை ஆற்றப் போகிறேன்" என்றால் தடுக்கமாட்டேன்.

உங்கள் அம்மம்மாவுக்கு வந்தது போன்ற சலரோகப் பாதப் புண்ணுக்கு, உயிருள்ள கலங்கள் கொண்ட இரண்டடுக்குத் தோல் அமெரிக்காவில் 2000ஆம் ஆண்டிலேயே அனுமதி பெற்றுவிட்டது. அப்லிகிராஃப் என்று பெயர். அதையும் அச்சுப்பொறி செய்யவில்லை. தானமாகக் கிடைத்த தோற்கலங்களை மாட்டுக் கொலாஜனில் வளர்த்தெடுத்தது. கால் நூற்றாண்டாகியும் அது சுன்னாகத்துக்கு வரவில்லை. விலை ஒரு காரணம். செய்து சில நாட்களுக்குள் நோயாளியின் காலில் ஒட்டிவிட வேண்டும் என்பது இன்னொன்று. உயிருள்ள பொருளைப் பெட்டியில் கட்டி ஆறுதலாக அனுப்ப முடியாது. ஆகவே இங்கத்தைப் புண்ணுக்கான தோலை இங்கே, பெரியாஸ்பத்திரிக்குக் கிட்டவாகத்தான் வளர்க்க வேண்டியிருக்கும். எனக்கு அச்சுப்பொறியில் பிடித்தது இதுதான். புண்ணின் வடிவத்தை அளந்து, நோயாளியின் கலத்தையே எடுத்து, அவருக்குப் பக்கத்திலேயே செய்யலாம். கொரியாவில் ஒரு நிறுவனம் நோயாளியின் கொழுப்பிழையத்தை இப்படி அச்சிட்டுப் பாதப் புண்ணில் ஒட்டும் முறையில் வேலை செய்கிறது.

ஆகவே, தங்கச்சி, இயந்திரத்தைப் பின்தொடராதீர்கள், புண்ணைப் பின்தொடருங்கள். இன்றைய அச்சுப்பொறி பத்து வருசத்தில் பழசாகிவிடும். புண் ஏன் ஆறவில்லை, அங்கே இரத்தம் ஏன் போகவில்லை, நரம்பு ஏன் மரத்தது, கிருமி எப்படிக் குடியிருக்கிறது என்று தெரிந்தவளுக்கு எந்த இயந்திரம் வந்தாலும் வேலை இருக்கும்.

சரி, படிப்பு. இலங்கையில் பொறியியல் பீடத்துக்குள் போக இணைந்த கணிதம், பௌதிகவியல், இரசாயனவியல் மூன்றும் வேண்டும். மொறட்டுவையில் உயிர்மருத்துவப் பொறியியல் பட்டம் இருக்கிறது, கிளிநொச்சி அறிவியல்நகரில் யாழ். பல்கலைக்கழகத்தின் பொறியியல் பீடம் இருக்கிறது. இரண்டு வாசலும் உயிரியல் பிரிவுக்குத் திறக்காது. அதற்காகத் திரும்பக் கணிதப் பிரிவு எடுக்க வேண்டாம். இன்னொன்றையும் தெரிந்துகொள்ளுங்கள்: எங்கள் நாட்டில் அந்தப் பெயரோடு வரும் வேலை விளம்பரங்களில் பெரும்பாலானவை ஆஸ்பத்திரிக் கருவிகளைப் பராமரிக்கும் அல்லது விற்கும் வேலைகள். தேவையான, மதிப்பான வேலை. ஆனால் நீங்கள் கேட்பது வேறு.

உங்கள் கையில் இருக்கும் இரண்டில், நான் உங்கள் இடத்தில் இருந்தால் யாழ்ப்பாணத்தில் மருத்துவ ஆய்வுகூட விஞ்ஞானத்தை எடுப்பேன். இழையத்தை வெட்டி, நிறமூட்டி, நுணுக்குக்காட்டியில் பார்க்கப் பழகுவீர்கள். கிருமி புகாமல் கை வைக்கப் பழகுவீர்கள். அச்சிட்ட தோல் உண்மையில் தோலாகியிருக்கிறதா, வெறும் களியா என்று கடைசியில் சொல்வது அந்தக் கண்தான். அதோடு, பட்டத்தோடு நேரடியாக வேலைக்குப் போகக்கூடிய தொழில் அது. அப்பாவுக்கு இந்த வரியை வாசித்துக் காட்டுங்கள்.

உங்களுக்குக் குறையப்போவது கணக்கு. இப்போதிருந்தே நிரப்பத் தொடங்குங்கள். பக்கத்து வீட்டுப் பிள்ளையிடம் இணைந்த கணிதப் புத்தகத்தை வாங்கி வகையீடு, தொகையீடு இரண்டையும் ஒரு வருசத்தில் மெதுவாகச் செய்யுங்கள். புள்ளிவிபரவியலை விடவே கூடாது. பைத்தன் என்ற நிரல்மொழியில் எழுதப் பழகுங்கள், மாமா சொல்லும் கொம்பியூட்டர் படிப்பில் இந்தப் பகுதி உங்களுக்கும் வேண்டும். பௌதிகத்தில் பாகுநிலை (திரவம் ஓடுவதற்குக் காட்டும் தடை) படித்தீர்களே, அந்த அலகைத் திரும்ப எடுத்து வாசியுங்கள். உயிர் மையின் முழுச் சூட்சுமமும் அங்கேதான் தொடங்குகிறது. பல்கலைக்கழகத்தில் சாதாரண முப்பரிமாண அச்சுப்பொறி ஒன்றைத் தொட வாய்ப்புக் கிடைத்தால் விடாதீர்கள். அதன் பிளாஸ்டிக் தலையைக் கழற்றி ஊசிக்குழல் பூட்டி உயிரச்சுப் பொறியாக்கும் வடிவங்களைக் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் ஒரு குழு யாரும் செய்துபார்க்கும்படி வெளியிட்டிருக்கிறது.

இறுதி ஆண்டு ஆய்வுக்குக் கலமே தேவையில்லை. கபிலக் கடற்பாசியிலிருந்து வரும் அல்ஜினேற்றுக் கரைசலில் கல்சியம் பட்டால் சில வினாடியில் களியாகிவிடும். நண்டு, இறால் ஓட்டிலிருந்து கைற்றோசான் எடுக்கலாம், அது புண் மருந்துகளில் ஏற்கனவே பாவனையில் உள்ள பொருள். யாழ்ப்பாணக் கரையில் நண்டு ஓட்டுக்குப் பஞ்சமா? அந்த ஓட்டிலிருந்து நல்ல மை செய்ய முடியுமா, எந்தத் தடிப்பில் அது இழையாக நிற்கும் என்று ஒழுங்காக அளந்து எழுதினாலே வெளிநாட்டுப் பேராசிரியர் ஒருவர் உங்கள் மின்னஞ்சலைத் திறந்து வாசிக்கப் போதுமான காரணம் கிடைத்துவிடும்.

அடுத்தது முதுமாணி, பிறகு கலாநிதிப் பட்டம். இழையப் பொறியியல், மீளுருவாக்க மருத்துவம் என்ற பெயர்களில் இருக்கும் முதுமாணிப் படிப்புகள் பல உயிரியல் பட்டதாரிகளையும் எடுக்கின்றன. எல்லாம் சேர்த்துப் பத்து வருசத்துக்கு மேலாகும். முப்பது வயது தாண்டும். கலியாணம், பிள்ளை, வீட்டுக் கடன் என்று வீட்டில் கேள்விகள் வரும், அவை நியாயமான கேள்விகள்தான். நான் முப்பத்திரண்டில் படிப்பு முடித்து முப்பத்து மூன்றில் கலியாணம் செய்தேன். அம்மா இடையில் பட்ட கவலையை நான் சின்னதாகச் சொல்லமாட்டேன்.

பணத்தைப் பற்றி உறுதியாக ஒன்று: இதற்காகக் காணி விற்க வேண்டாம், சீட்டு எடுக்க வேண்டாம். இந்தத் துறையில் கலாநிதிப் படிப்பு என்பது சம்பளத்துக்குச் செய்யும் வேலை. ஜேர்மனி, நெதர்லாந்து, சுவீடனில் உங்களை ஊழியராகவே எடுப்பார்கள். அமெரிக்காவில் கட்டணத்தைத் தள்ளி, மாதப்படி தருவார்கள். முதுமாணிக்கு ஐரோப்பாவின் எராஸ்மஸ் முண்டுஸ், பிரித்தானியாவின் பொதுநலவாயப் புலமைப்பரிசில், ஜப்பானிய அரசின் புலமைப்பரிசில் என்று இலங்கையர் விண்ணப்பிக்கக்கூடியவை இருக்கின்றன. முதல் முறை கிடைக்காது. எனக்கு மூன்றாம் முறைதான் கிடைத்தது. கஸ்தூரியார் வீதியில் அலுவலகம் வைத்து லட்சக்கணக்கில் கேட்கும் முகவர் யாராவது "பயோ எஞ்சினியரிங் சீற்" என்று கதைத்தால் எழும்பி வந்துவிடுங்கள்.

வேலை எங்கே இருக்கிறது? பலர் நினைப்பது போல உறுப்புச் செய்யும் தொழிற்சாலையில் இல்லை. மருந்துகளையும் அழகுசாதனப் பொருட்களையும் சோதிக்கும் சிறு இழைய மாதிரிகளில்தான் இப்போது கூடுதல் வேலை. ஐரோப்பிய ஒன்றியம் விலங்குகளில் சோதித்த அழகுசாதனப் பொருட்களின் விற்பனையை 2013இல் முற்றாகத் தடை செய்தது. புதிய மருந்துக்கு விலங்குச் சோதனை கட்டாயம் என்றிருந்த சட்டத்தை அமெரிக்கா 2022 டிசம்பரில் தளர்த்தியது. இவற்றால் ஆய்வுகூடத் தோலுக்கும் ஈரல் துண்டுக்கும் தேவை கூடியிருக்கிறது. பல்கலைக்கழக நிரந்தரப் பதவிகள் குறைவு. பட்டம் முடித்தவர்கள் இரண்டு வருச ஒப்பந்தம், திரும்ப இரண்டு வருச ஒப்பந்தம் என்று ஓடுகிறார்கள். நானும் அப்படி ஓடினேன்.

இதை எழுதாமல் விட்டால் என் மனம் ஆறாது. 2011 தொடக்கம் சுவீடனில் பவுலோ மக்கியாரினி என்ற சத்திரசிகிச்சை நிபுணர், பிளாஸ்டிக் மூச்சுக்குழாய்களில் ஸ்டெம் கலங்களை (வேறு வகைக் கலங்களாக மாறக்கூடியவை) பூசி நோயாளிகளுக்குப் பொருத்தினார். உலகமே கைதட்டியது. அங்கே அவர் சத்திரசிகிச்சை செய்த மூன்று பேரும் பின்னர் இறந்துபோனார்கள். 2023இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அவருக்கு இரண்டரை வருசச் சிறைத்தண்டனை விதித்தது. விலங்குகளில் ஒழுங்காகச் சோதிக்காததை மனிதரில் வைத்துப் பார்த்த கதை அது. எங்கள் துறையில் ஆசை மிக வேகமாக ஓடும், சான்று நொண்டி நொண்டித்தான் வரும். நீங்கள் சான்றோடு நடக்கிறவளாக இருக்க வேண்டும். உங்கள் அம்மம்மா போன்ற ஒருவரிடம், "இது இன்னும் சோதனைதான், ஆறாமலும் போகலாம்" என்று அவருக்கு விளங்கும் தமிழில் சொல்லி, அவர் வேண்டாம் என்றால் பேசாமல் எழும்பி வர வேண்டும். மானிப்பாயில் 19ஆம் நூற்றாண்டிலேயே அமெரிக்க மிஷனரியான கிறீன் வைத்தியர் தமிழில் மருத்துவம் படிப்பித்தார், உடற்கூற்று நூல்களைத் தமிழுக்குக் கொண்டுவந்தார். இழையம், கலம் என்று பள்ளிக்கூடத்தில் படித்த நீங்கள் அந்தச் சொற்களை வெளிநாடு போய் மறந்துவிடாதீர்கள்.

இங்கே திரும்பி வந்து செய்யும்போது மின்சாரம் ஒரு பிரச்சினை. 2022 மார்ச்சில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரை வெட்டினார்கள். கலம் வளர்க்கும் பெட்டி அதைத் தாங்காது. ஆனால் ஜாம் போத்தல் விளக்கில் படித்து, சைக்கிள் டைனமோ சுற்றி றேடியோ கேட்ட தலைமுறை நாங்கள். மின்சாரமில்லாமல் ஒன்றை ஓடவைக்கும் வழி தேடுவது எங்களுக்குப் புதிதில்லை. சூரியப் படலமும் மின்கலமும் இன்று கிடைக்கின்றன. எனக்குக் கூடுதல் கவலை ஆட்களைப் பற்றியது. கலம் வளர்க்கத் தெரிந்த நாலு பேர், பாதப் புண் கிளினிக்கில் வேலை செய்யும் ஒரு வைத்தியர், கருவி திருத்தத் தெரிந்த ஒருவர் ஒரே மேசையில் இருந்தால் தொடங்கிவிடலாம். அந்த நாலு பேரில் ஒருவராக நீங்கள் இருந்தால் எனக்குச் சந்தோசம்.

அப்பா. அவர் மூன்றாம் முறை எடுக்கச் சொல்வது அன்பால்தான். உங்களுக்கு வைத்தியராக உண்மையிலேயே விருப்பம் என்றால் எடுங்கள், வைத்தியர்களும் இந்த ஆராய்ச்சிக்குள் வருகிறார்கள். அப்பாவுக்காக மட்டும் என்றால், ஒரு வருசத்தை ரியூசன் வாங்கில் கழிக்க வேண்டாம் என்பேன். அவரோடு கதைக்கும்போது காணொளியைக் காட்டாதீர்கள். பட்டப்படிப்பு எத்தனை வருசம், முடிந்ததும் என்ன வேலை, எந்த வயதில் எந்தப் புலமைப்பரிசில் என்று ஒரு தாளில் எழுதிக் காட்டுங்கள். எங்கள் அப்பாக்களுக்கு அந்தத் தாள் வேண்டும்.

நீங்கள் கேட்காத ஒன்றும் இருக்கிறது. ஒரு கால் எடுத்தவருக்கு மற்றக் காலிலும் புண் வரும் ஆபத்துக் கூட. ஒவ்வொரு இரவும் படுக்க முதல் அம்மம்மாவின் வலது பாதத்தை விரலிடுக்கு, குதி, அடிப்பக்கம் என்று வெளிச்சத்தில் பாருங்கள். உணர்ச்சி குறைந்த காலில் முள் ஏறினாலும் அவருக்குத் தெரியாது. முற்றத்தில் வெறுங்காலோடு நடக்க விடாதீர்கள். சுடுதண்ணீரில் அவர் கால் வைக்க முதல் உங்கள் முழங்கையால் சூட்டைப் பாருங்கள். சிவப்பு, கொப்புளம், சின்ன வெடிப்பு எது கண்டாலும் நாள் கடத்தாமல் கிளினிக்குக்குக் கூட்டிப் போங்கள். ஒரு கொப்பியில் திகதி போட்டுக் கண்டதை எழுதி வையுங்கள். பல்கலைக்கழகம் தொடங்கிய பிறகு, அந்தக் கொப்பியில் என்ன எழுதியிருக்கிறீர்கள் என்று எனக்கு ஒரு கடிதம் போடுங்கள்.